மேல்நோக்கி மட்டும் போகும் மரியாதை

2020 மார்ச் 22 மாலை ஐந்து மணிக்கு நாடு முழுவதும் மக்கள் வாசலிலும் மாடியிலும் நின்று மருத்துவர்களுக்காகக் கைதட்டினார்கள். சரியாக நான்கு வாரம் கழித்து, ஏப்ரல் 19 இரவு, கொரோனாவுக்குப் பலியான மூத்த நரம்பியல் அறுவை மருத்துவர் ஒருவரின் உடலோடு வந்த ஆம்புலன்ஸைச் சென்னையில் ஒரு கும்பல் கல்லாலும் கட்டையாலும் தாக்கியது. உடன்வந்தவர்கள் இரத்தக் காயங்களோடு தப்பினார்கள். பிறகு நள்ளிரவில், காவலர் பாதுகாப்புடன், சக மருத்துவர் ஒருவர் பணியாளர்கள் சிலரைச் சேர்த்துக்கொண்டு வேலங்காடு மயானத்தில் தாமே மண் தள்ளி அடக்கத்தை முடித்தார்.

கைதட்டிய அதே ஆட்கள்தான் கல்லெறிந்தார்கள் என்று யாரும் சொல்லவில்லை. ஆனால் இரண்டும் ஒரு மாதத்துக்குள் ஒரே நகரத்தில் நடந்தன. நோய்ப் பயம் உண்மையானது, அதைப் பழிப்பதற்கில்லை. பயம் வந்த நேரத்தில் கையைப் பிடித்து நிறுத்த வேண்டிய ஒன்று அந்தத் தெருவில் இல்லாமல் போனதே கவலைக்குரியது.

அந்த ஒன்றைப் பற்றி ஒரு முழு நூலே எழுதினார் பால் உட்ரஃப். வியட்நாம் போரில் பணியாற்றியவர், டெக்சாஸ் பல்கலைக்கழகத்தில் மெய்யியல் கற்பித்தவர், 2023இல் காலமானார். பழங்கிரேக்கரும் பண்டைச் சீனரும் அறத்தின் அடித்தளமாகக் கருதிய மரியாதை உணர்வை நவீன உலகம் மறந்துவிட்டது என்பது 2001இல் வெளிவந்த அந்நூலின் வாதம். இந்தக் குணம் கடவுள் நம்பிக்கையோடு ஒட்டிப் பிறந்தது அல்ல என்கிறார் அவர். தான் மனிதன்தான், தன் வலிமைக்கு எல்லை உண்டு என்று உணர்ந்து, அந்த எல்லையில் தானாக நின்றுவிடுவதுதான் அது. ஆகவே எளியவரைவிட வலியவருக்கே அது அதிகம் தேவைப்படுகிறது.

மெய்யியலாளர்கள் எலிசபெத் ஆன்ஸ்கோம் 1958இலும் அலஸ்டைர் மெக்கின்டயர் 1981இலும் ஏற்கெனவே ஒரு குறையைச் சுட்டியிருந்தார்கள். நவீன அறவியல் கடமை, விதி, பயன் என்றே பேசிப் பேசி, மனிதருக்கு என்ன குணம் வேண்டும் என்ற கேள்வியைத் தொலைத்துவிட்டது என்பது அவர்கள் கருத்து. ஒரு செயலால் யாருக்குத் தீங்கு, யாருடைய உரிமை மீறப்பட்டது என்று மட்டும் கேட்கும் அறவியல், இறந்த உடலின் முன் திணறுகிறது. பிணத்துக்கு வலிக்காது, வழக்குப் போடவும் அதனால் முடியாது. அதனால்தான் மரியாதைக்கு அதைவிடக் கடினமான சோதனை வேறில்லை. திருப்பி எதுவும் செய்ய இயலாதவரிடம் நடந்துகொள்ளும் விதத்தில் ஒருவரின் குணம் முழுவதும் வெளிப்பட்டுவிடுகிறது.

ஹோமரின் இலியத் காவியம் இந்தச் சோதனையில்தான் முடிகிறது. நண்பனைக் கொன்ற ஹெக்டரை வீழ்த்திய அக்கிலீஸ், ஆத்திரம் தீராமல் அவன் உடலைத் தேரில் கட்டி இழுக்கிறான். மகனின் உடலைக் கேட்டு இரவில் வந்த கிழவர் பிரையம், பிள்ளையைக் கொன்ற அந்தக் கைகளையே முத்தமிடுகிறார். அக்கிலீஸுக்கு ஊரிலிருக்கும் தன் தகப்பன் நினைவு வருகிறது, இருவரும் அழுகிறார்கள். உடலைக் கொடுத்ததோடு, ஈமக்கடன் முடியும்வரை போரை நிறுத்தவும் அவன் வாக்குத் தருகிறான். டிராய் நகரின் வீழ்ச்சியைக்கூடச் சொல்லாமல், ஹெக்டரின் ஈமச்சடங்கோடு காவியம் நின்றுவிடுகிறது.

தமிழருக்கு இன்னும் அருகில் ஓர் உதாரணம் உண்டு. கி.மு. இரண்டாம் நூற்றாண்டில் அனுராதபுரத்தில் தமிழ் மன்னன் எல்லாளனைப் போரில் கொன்ற சிங்கள மன்னன் துட்டகைமுனு, விழுந்த இடத்திலேயே அவனுக்கு முறைப்படி ஈமக்கடன் செய்து, நினைவுச் சின்னம் எழுப்பி, அதற்கு வழிபாடும் ஏற்படுத்தினான் என்கிறது இலங்கையின் பழைய வரலாற்று நூலான மகாவம்சம். அவ்விடத்தைக் கடக்கும் இளவரசர்கள் தம் வாத்தியங்களை நிறுத்திவிடுவார்கள் என்றும் அது பதிந்திருக்கிறது. அதே மகாவம்சத்தில் வேறொரு பக்கமும் உண்டு. போரில் மாண்டவர்களை எண்ணி வருந்திய மன்னனிடம், கொல்லப்பட்டவர்களில் மனிதராகக் கணக்கில் வருவோர் ஒன்றரைப் பேர்தான் என்று துறவிகள் ஆறுதல் சொல்கிறார்கள். எதிரியின் நினைவிடத்தைப் போற்றும் மனமும் எதிரியை மனிதக் கணக்கிலிருந்தே நீக்கும் மனமும் அந்த நூலில் அடுத்தடுத்து நிற்கின்றன. பிற்காலம் எதைக் கற்றுக்கொண்டது என்பதற்குச் சான்றுகள் இருக்கின்றன. 2009இல் போர் முடிந்த பின் இலங்கையின் வடக்கு, கிழக்கில் விடுதலைப் புலிகளின் மாவீரர் துயிலும் இல்லங்கள் இடித்துத் தள்ளப்பட்டன. கோப்பாயில் கல்லறைகள் இருந்த நிலத்தின் மேல் படைத் தலைமையகம் எழுந்தது. 2020 ஏப்ரலில் கொரோனாவால் இறந்த அனைவரையும் எரிக்கவேண்டும் என இலங்கை அரசு ஆணையிட்டது. புதைக்கலாம் என்று உலக சுகாதார அமைப்பு கூறியிருந்தும், பிறந்து இருபது நாளே ஆன முஸ்லிம் குழந்தையின் உடல்கூடப் பெற்றோரின் விருப்பத்தை மீறி எரிக்கப்பட்டது. அடக்கத்துக்கு அனுமதி வர 2021 பிப்ரவரி ஆனது. அமைச்சரவை மன்னிப்புக் கேட்க முடிவெடுக்க 2024 ஜூலை ஆனது.

மரியாதையின் பெயரால் கொடுமையும் நடக்கும். கி.மு. 406இல் அர்கினூசே கடற்போரில் ஏதென்ஸ் வென்றது. ஆனால் புயலில் தம் வீரர்களை மீட்காமல் விட்டார்கள் என்று தளபதிகள் மீது மக்கள் கொதித்தெழுந்தார்கள். தனித்தனி விசாரணை இல்லாமல் ஒரே வாக்கெடுப்பில் எட்டுப் பேருக்குத் தண்டனை விதித்து, கையில் கிடைத்த ஆறு பேரைக் கொன்றார்கள். இது சட்டத்துக்குப் புறம்பானது என்று எதிர்த்து நின்றவர் சாக்ரடீஸ். இறந்தோருக்காகக் கூச்சலிட்ட கூட்டம், தன் கைவலிமைக்கும் ஓர் எல்லை உண்டு என்பதை மறந்தது.

தமிழ்நாட்டில் இந்தப் பேச்சை எடுத்தாலே ஒரு நியாயமான ஐயம் எழும். மரியாதை என்பது இங்கே நெடுங்காலம் சாதியின் கருவியாக இருந்தது. துண்டை இடுப்பில் கட்டு, செருப்பைக் கையில் எடு என்று கீழிருப்பவரிடம் வாங்கப்பட்டதே மரியாதை. அதை மறுத்து எழுந்த சுயமரியாதை இயக்கம் நூறாண்டுக்கு முன் செய்தது அறச்செயல். ஆனால் அந்த மறுப்போடு வேலை முடிந்துவிடவில்லை. சால்வையும் மாலையும் காலில் விழுதலும் இன்றும் மேல்நோக்கியே போகின்றன. மேலே இருப்பவர் கீழே உள்ளவர் முன் தம்மை அடக்கிக்கொள்ளும் மரியாதை எங்கே?

2019 ஆகஸ்ட்டில் வாணியம்பாடி அருகே ஒரு தலித்தின் உடலைப் பாலாற்றுப் பாலத்திலிருந்து கயிறு கட்டி இறக்கினார்கள். மயானத்துக்குப் போகும் வழி பிற சாதியார் நிலத்தில் இருந்தது. அந்த வழி மறுக்கப்பட்டது. உயர் நீதிமன்றம் தானாக முன்வந்து இதை விசாரித்தது. தலித்துகளுக்குத் தனி மயானம் ஒதுக்கிவிட்டோம் என்று அதிகாரிகள் சொன்னபோது, அரசே பிரிவினையை வளர்ப்பதா என்று நீதிபதிகள் கேட்டார்கள்.

சட்டம் எவ்வளவு செய்யும்? சென்னைச் சம்பவத்துக்குப் பின், தொற்றுநோயால் இறந்தவரின் அடக்கத்தைத் தடுப்போருக்கு ஓராண்டு முதல் மூன்றாண்டு சிறை என அவசரச் சட்டம் வந்தது. அது தேவையானது. ஆனால் அச்சத்தால் நிற்கும் கை, காவலர் நகர்ந்ததும் மறுபடி எழும். குணம் பழக்கத்தால் உருவாகிறது என்றார் அரிஸ்டாட்டில். இதை நன்கு அறிந்தவை மருத்துவக் கல்லூரிகள். பலவற்றில் முதலாண்டு மாணவர்கள் கத்தியை எடுக்கும் முன், உடலை ஈந்தவர் முன் நின்று உறுதிமொழி எடுக்கிறார்கள். தைவானின் ட்சு சி பல்கலைக்கழகத்தில் மாணவர்கள் கொடையாளரின் குடும்பத்தைச் சந்தித்து, அவர் வாழ்ந்த வாழ்க்கையைக் கேட்டறிந்த பிறகே உடலைத் தொடுகிறார்கள். 2023 செப்டம்பர் முதல் தமிழ்நாட்டில் உறுப்புக்கொடை தந்தவர்களின் இறுதிச்சடங்கு அரசு மரியாதையுடன் நடக்கிறது. கூலித் தொழிலாளியாக இருந்தாலும் அவர் உடல் முன் அதிகாரிகள் வணங்கி நிற்கிறார்கள். அரசு இங்கே கீழ்நோக்கி மரியாதை செய்யப் பழகுகிறது.

இந்தப் பழக்கம் மயானப் பாதைக்கும் வரவேண்டும். சாதி வேறுபாடற்ற மயானம் உள்ள சிற்றூர்களுக்கு 10 லட்சம் ரூபாய் ஊக்கத்தொகையை அரசு 2021இல் அறிவித்தது. ஊக்கத்தொகை நல்ல தொடக்கம். ஆனால் அதை விரும்பாத ஊர்களை அது அசைக்காது. ஒவ்வொரு மாவட்டத்திலும் வழியில்லாத மயானங்களைக் கணக்கெடுத்து, பாதை நிலத்தை அரசே கையகப்படுத்தி, தனி மயானம் ஒதுக்குவதை நிறுத்தி, உள்ளாட்சி மயானங்கள் அனைத்தையும் எல்லோருக்கும் பொதுவாக்குவது ஆட்சியர்களால் செய்யக்கூடிய வேலை. ஆதிக்கச் சாதிப் பெரியவர்கள் தம் ஊரில் நிகழும் தலித் சாவுக்குப் போய், பாடையோடு மயானம்வரை நடப்பது எந்த ஆணைக்கும் காத்திருக்க வேண்டிய வேலை அல்ல.