முழக்கம் இல்லாத படங்கள்

2024 மே மாதம் கான் திரைப்பட விழாவில் பாயல் கபாடியாவின் முழுநீளப் படம் கிராண்ட் பிரி விருது பெற்றபோது பிரதமரும் வாழ்த்துத் தெரிவித்தார். புனே திரைப்படக் கல்லூரிப் போராட்டத்தையொட்டி மாணவர்கள் மீது தொடுக்கப்பட்ட வழக்கில் அவரும் ஒருவர் என்பதும், வழக்கு அன்றும் நிலுவையில் இருந்தது என்பதும் வாழ்த்துக்கு இடையூறாகவில்லை.

இவர் முன்னர் எடுத்த குறும்படங்களைப் பார்க்கும் தோழர்களுக்கு ஒரு கேள்வி எழலாம்: இவற்றில் அரசியல் எங்கே?

‘ஆஃப்டர்நூன் க்ளவுட்ஸ்’ (2017) 13 நிமிடப் படம். அறுபது வயதுக் கைம்பெண் ஒருவர். அவர் வீட்டில் வேலை செய்யும் நேபாளப் பெண் மால்தி. ஒரு பிற்பகல். பால்கனியில் பூ மலர்ந்திருக்கிறது. தன் ஊர் இளைஞன் ஒருவனை மால்தி வீட்டு வாசலுக்கு வெளியே எதிர்பாராமல் சந்திக்கிறார். கதை அவ்வளவுதான். எசமானி கொடுமைக்காரர் அல்லர். தனிமை இருவருக்கும் பொது. ஆனால் ஒருவர் தம் ஏக்கத்தோடு பிற்பகல் முழுதும் அமர்ந்திருக்கலாம். மற்றவருக்கு அது வேலைக்கு நடுவே கிட்டும் சில நிமிடங்கள். ஒரே கூரையின்கீழ் யாருடைய நேரம் யாருக்குச் சொந்தம் என்பதைவிட அரசியலான கேள்வி வேறென்ன இருக்கிறது?

‘அண்ட் வாட் இஸ் த சம்மர் சேயிங்’ (2018) காட்டோரக் கிராமம் ஒன்றைப் பற்றியது. பெண்கள் கைகூடாத காதல்களைத் தாழ்ந்த குரலில் பேசுகிறார்கள். குரல் மட்டுமே கேட்கிறது, முகம் தெரிவதில்லை. படக்குழு திரும்பிய பிறகும் அவர்கள் அதே ஊரில் வாழ வேண்டியவர்கள் அல்லவா! பாதிக்கப்பட்டவர் வாயருகே ஒலிவாங்கியை நீட்டி அழுகையைப் பதிவு செய்யும் இடதுசாரி ஆவணப்படக்காரர்களும் இதை எண்ணிப் பார்க்கலாம்.

இத்தகைய படங்களுக்குச் சந்தை கிடையாது. பொதுப்பணத்தில் இயங்கும் புனே கல்லூரி இருந்ததால்தான் முதற்படம் பிறந்தது. 2015இல் அக்கல்லூரியின் தலைமைக்கு பாஜகவைச் சேர்ந்த நடிகர் கஜேந்திர சவுகானை ஒன்றிய அரசு நியமித்தபோது மாணவர்கள் 139 நாட்கள் வேலைநிறுத்தம் செய்தனர். பாயலின் உதவித்தொகை வெட்டப்பட்டது. 2022இல் பிலிம்ஸ் டிவிஷன் தேசிய திரைப்பட வளர்ச்சிக் கழகத்துடன் இணைக்கப்பட்டது. புனே கல்லூரி இன்னும் பொதுத்துறையில் இருக்கிறது. அதன் கட்டணமும் நியமனங்களும் கட்சியின் கலாச்சார அரங்கு இடைவிடாது கண்காணிக்க வேண்டியவை.