ஊர் சேர்ந்த பிறகு
கிறிஸ்டோபர் நோலன் ஹோமரின் ‘ஒடிசி’யைப் படமாக்குகிறார் என்ற செய்தி வந்ததிலிருந்து ஒற்றைக்கண் அரக்கனைப் பற்றியும் பாடி மயக்கும் கடற்பெண்களைப் பற்றியும்தான் எங்கும் பேச்சு. எனக்கோ அந்தக் காவியத்தின் கணக்குதான் தீராத வியப்பு. மொத்தம் 24 காண்டங்கள். ஒடிசியஸ் தன் ஊரான இதாக்காவின் கரையைத் தொடுவது 13-ஆவதிலேயே! அதுவும் அயர்ந்து தூங்கியபடி. மாலுமிகள் அவனை மணலில் கிடத்திவிட்டுப் போய்விடுகிறார்கள். விழித்தவனுக்குச் சொந்த மண்ணே அடையாளம் தெரியவில்லை. 20 ஆண்டுகளுக்குப் பின் தன் வீட்டுக்குள் பிச்சைக்கார வேடத்தில்தான் நுழைகிறான். கிழட்டு நாய் கண்டுகொள்கிறது. வளர்த்த செவிலி, கால் கழுவும்போது பழைய தழும்பைத் தடவி அறிகிறாள். மனைவி பெனலோப்பியோ, கட்டிலின் ரகசியத்தை அவன் வாயிலிருந்தே வரவழைத்த பிறகுதான் நம்புகிறாள். நம் கம்பரோ, இராமன் ஊர் திரும்பும் மீட்சிப் படலத்துக்குப் பிறகு முடிசூட்டி, வந்தவர்களுக்கு விடைகொடுத்து, காவியத்தை நிறைவு செய்துவிடுகிறார். பரதன் காத்திருக்கும் நாட்டில், தான் யார் என்று இராமன் யாருக்கும் மெய்ப்பிக்க வேண்டியதில்லை. ஹோமருக்கோ வழி கண்டுபிடிப்பது பாதி வேலை. வீட்டாருக்கு மறுபடி அறிமுகமாவது மீதிப் பாதி. கைக்குழந்தையாக விட்டுப்போன மகள் கதவிடுக்கில் நின்று ‘யாரும்மா இது?’ என்று கேட்டதை, வளைகுடாவிலிருந்து திரும்பிய தகப்பன்மார் பலர் சொல்லியிருக்கிறார்கள். அவர்களுக்கு இந்தப் பின்பாதி எளிதில் விளங்கும். ‘ஒடிசி’யைப் பயணக் கதை என்று நினைத்துக் கையில் எடுப்பவர்களே, கப்பல் கரை சேர்ந்ததும் புத்தகத்தை மூடிவிடாதீர்கள்.