பீட்டருக்காக நாம் பேசினோமா?

2013இல் 'விஸ்வரூபம்' வந்தபோது நாம் கொதித்தோம். தாடியும் தொப்பியும் வைத்தவனெல்லாம் குண்டு வைப்பவனா என்று கேட்டோம். நியாயமான கேள்விதான்.

ஆனால் பழைய தமிழ்ப் படங்களில் கடத்தல்காரனின் அடியாளுக்கு எத்தனை தரம் பீட்டர், ரொபர்ட் என்று பெயர் வைத்தார்கள்? கிளப்பில் ஆடும் பெண் ரீட்டா. கழுத்தில் சிலுவை வேறு. ரசித்துப் பார்த்தோமே, அப்போது ஏன் கேட்கவில்லை?

ஈமானுள்ள ஒரு கிறிஸ்தவரை ஒழுங்காகக் காட்டிய படம் என்றால் எனக்கு நினைவுக்கு வருவது மெல் கிப்சனின் 'ஹெக்ஸோ ரிட்ஜ்' (2016). உண்மைக் கதை. டெஸ்மண்ட் டொஸ் என்ற அமெரிக்கச் சிப்பாய், கொலை செய்யாதே என்ற வேதக் கட்டளைக்காகத் துப்பாக்கியைத் தொட மறுத்தார். கூட இருந்தவர்கள் கோழை என்று ஏசினார்கள். 1945இல் ஒகினாவாப் போரில் காயப்பட்டுக் கிடந்த சுமார் 75 பேரைச் செங்குத்துப் பாறையிலிருந்து கயிற்றில் இறக்கிக் காப்பாற்றியது அந்தக் 'கோழை'தான்.

நம்மையும் யாராவது இப்படிக் காட்ட மாட்டார்களா என்று ஏங்குகிறோம். என் வகுப்பில் கிறிஸ்தவப் பிள்ளைகளும் இருக்கிறார்கள். அந்தப் பழைய படங்களை அவர்களும் யூடியூப்பில் பார்க்கிறார்கள். அவர்களுக்காகவும் கேட்டால்தான் நம் கேள்விக்குப் பெயர் நீதி. இல்லாவிட்டால் அது வெறும் இனப்பற்று.