மேஸ்திரி முன்பணம் நீட்டினால்…



இத்தாலியின் தென்கோடியில் கலாப்ரியா என்றொரு ஏழை மலைநாடு. அங்கே முளைத்த ‘ந்த்ராங்கெட்டா’ என்ற குற்றக் கூட்டம் இன்று ஐரோப்பா, அமெரிக்கா, ஆஸ்திரேலியா வரை கை நீட்டியிருக்கிறது. ரத்த உறவும் வாய் திறக்காத கட்டுப்பாடும்தான் அதன் பலம். மலைக் கிராமத்து வறுமையைக் கள்ளப்பணம் எப்படிப் பயன்படுத்திக்கொள்ளும் என்று நம் திருவண்ணாமலை மாவட்டத்துக் கண்ணமங்கலம் பக்கத்து மக்களுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

2015 ஏப்ரல் 7 அன்று, திருப்பதியை அடுத்த சேஷாசலம் காட்டில் ஆந்திராவின் செம்மரக் கடத்தல் தடுப்பு அதிரடிப்படை சுட்டதில் 20 பேர் இறந்தார்கள். அத்தனை பேரும் திருவண்ணாமலை, தருமபுரி, சேலம் மாவட்டத்துத் தமிழர்கள். கண்ணமங்கலத்தைச் சுற்றிய சிற்றூர்களிலும் ஜவ்வாது மலையிலும் எழுந்த ஒப்பாரி இன்னும் ஓயவில்லை. இறந்தவர்களில் சிலரைப் போலீசார் பேருந்திலிருந்து இறக்கிக் கொண்டுபோனார்கள் என்று தேசிய மனித உரிமை ஆணையத்திடம் சாட்சிகள் சொன்னார்கள்.

செம்மரம் கிழக்குத் தொடர்ச்சி மலையின் தென்பகுதியில் மட்டுமே இயற்கையாக வளர்வது. சீனாவில் அது ஆடம்பர மரச்சாமான் ஆகிறது. ஜப்பானில் இசைக்கருவி ஆகிறது. கோடாலி பிடிப்பவருக்குத் தன்னை அழைத்துப்போன மேஸ்திரியை மட்டும்தான் தெரியும். மேஸ்திரிக்கு மேலே புரோக்கர், லாரிக்காரர், கிடங்குக்காரர், துறைமுகத்து ஆள் என்று அடுக்கு உயர்கிறது. குண்டு பாய்வதோ அடித்தட்டில் இருப்பவர் மார்பில்.

இந்த அநியாயம் மாற வேண்டும். இத்தாலியைப் பாருங்கள்: அங்கே 1996-இல் ஒரு சட்டம் வந்தது. குற்றக் கூட்டங்களிடம் பறிமுதல் செய்த நிலமும் வீடும் அதன்படி பொதுநலனுக்குத் தரப்பட்டன. அந்த நிலங்கள் சிலவற்றில் இன்று கூட்டுறவுச் சங்கங்கள் விவசாயம் செய்கின்றன. இங்கே பறிமுதலான செம்மரத்தை ஆந்திர அரசு ஏலம் விடுகிறது. அதில் ஒரு பங்கு, ஆசைகாட்டி அழைக்கப்பட்ட மலைமக்களின் பள்ளிக்கும் சாலைக்கும் வந்தால் என்ன? இரு மாநில அரசுகளும் உட்கார்ந்து பேச வேண்டும்.

ஜவ்வாது மலையின் சாமைக்கும் தேனுக்கும் புளிக்கும் நியாய விலை கிடைத்தால், உள்ளூரிலேயே கூலி வேலை இருந்தால், எந்தத் தாயும் மகனை அந்தக் காட்டுக்கு அனுப்ப மாட்டாள். வாசகர்களே, அந்தப் பக்கம் போகும்போது மலைமக்களிடம் பேரம் பேசாமல் வாங்குங்கள். அவர்களைக் ‘கடத்தல்காரர்கள்’ என்று சொல்லாதீர்கள்.

மலையடிவாரத்துத் தம்பிகளே, மேஸ்திரி எவ்வளவு முன்பணம் நீட்டினாலும் வாங்காதீர்கள். உங்கள் உயிருக்கு அது விலையாகாது.

அன்புடன்,
ஆசிரியர்