சங்கிலி அறுக்கிறவன் வேஷம்தான் எனக்கா?

குறும்படத்துக்கு ஆள் வேண்டும் என்றார்கள், போனேன். "ஹிந்திக்காரன் மூஞ்சி அப்படியே இருக்குது" என்று இயக்குநருக்கு ஒரே சந்தோஷம். வசனம் கிடையாது. கிழவி கழுத்துச் சங்கிலியை அறுத்துக்கொண்டு ஓட வேண்டும், பிடிபட்டு உதை வாங்க வேண்டும். அவ்வளவுதான் நான்!

நான் திருப்பூர் வேலம்பாளையத்தில் வளர்ந்தவன். தமிழில்தான் படித்தேன், தமிழில்தான் திட்டு வாங்குகிறேன். அப்பாவுக்குப் பீகாரில் சாப்ரா பக்கம். பாட்னாவிலிருந்து எர்ணாகுளம் போகிற ரயிலில் வந்து இறங்கி, இன்றுவரை ஓவர்லாக் தையல் மிஷின் அடிக்கிறார்.

அதே சாப்ரா பக்கத்து நாடகக்காரர்தான் பிக்காரி தாக்கூர். 1887-இல் நாவிதர் வீட்டில் பிறந்தவர். கரக்பூருக்குப் பிழைக்கப் போனார். போன இடத்தில் ராமலீலை பார்த்துக் கிறுக்குப் பிடித்து, ஊர் திரும்பிக் குழு கட்டினார். கல்கத்தாவுக்குச் சம்பாதிக்கப் போன புருஷன், ஊரில் வழிபார்த்துக் கிடக்கும் பெண்டாட்டி, அவனுக்கு அங்கே இன்னொருத்தி. இதுதான் அவருடைய 'பிதேசியா'. ஆண்களே பெண் வேஷம் கட்டுவார்கள், உங்கள் தெருக்கூத்து மாதிரியேதான். 1963-இல் சினிமாவாகவும் வந்தது. அவர் குழுவில் பெண் வேஷம் கட்டிய ராம்சந்திர மாஞ்சிக்கு 2021-இல் பத்மஸ்ரீ கொடுத்தார்கள். இவ்வளவையும் அந்த இயக்குநரிடம் சொன்னேன். ஒரு காட்சி ஆடிக் காட்டட்டுமா என்று கெஞ்சினேன்.

"அதெல்லாம் இங்க ஆரு தம்பி பாப்பாங்க?"

யார் பார்ப்பார்களா? ஞாயிற்றுக்கிழமை காதர்பேட்டைப் பக்கம் வந்து பாருங்கள் ஐயா, எங்கள் ஆட்கள் கூட்டம் கிடக்கிறது!

எங்களைக் காட்டி நாடு முழுக்க ஓடிய படம் ஒன்று உண்டு. 2023 மார்ச்சில் பரவிய போலி வீடியோக்கள். தமிழ்நாட்டில் பீகாரிகளை வெட்டுகிறார்கள் என்று கிளப்பிவிட்டார்கள். அதில் ஒன்று பாட்னாவிலேயே ஆள் பிடித்து, கட்டுப் போட்டு நடிக்கவைத்தது என்று பீகார் போலீஸே சொன்னது. அதற்குள் ஊரில் பாட்டி அழுது ஓய்ந்துவிட்டாள். பீகார் அதிகாரிகள் திருப்பூர் வரைக்கும் வந்து விசாரித்துப் போனார்கள். எங்கள் சாவை நடிக்க அங்கே ஆள் கிடைத்தது. எங்கள் பிழைப்பை நடிக்க நானே வந்து நிற்கிறேன், இங்கே வேண்டாம் என்கிறீர்கள்.

2024-இல் பாஸ்கர் சக்தி எங்களைப் பற்றிப் படம் எடுத்தார். 'வடக்கன்' என்ற தலைப்பைத் தணிக்கை வாரியம் ஏற்காததால் 'ரயில்' என்று வெளிவந்தது. டீக்கடையில் 'வடக்கன்' என்றே என்னைக் கூப்பிடுகிறவனுக்கு எந்த வாரியம் தடை போடும்?

பிரான்சுக்கு அகதியாய்ப் போன ஈழத்தமிழர் ஷோபாசக்தி நடித்த 'தீபன்', 2015-இல் கான் விழாவில் தங்கப்பனை வாங்கியபோது நம் ஆள் என்று நெஞ்சு நிமிர்த்தினீர்களே! போன இடத்தில் உங்கள் பிள்ளையின் கதை கலை, வந்த இடத்தில் என் கதை சங்கிலித் திருட்டா?

எனக்குப் பரிதாபம் வேண்டாம். ஒரு ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம், ஏதாவது ஒரு கல்யாண மண்டபத்தைத் திறந்துவிடுங்கள். பிதேசியாவைத் தமிழிலேயே ஆடிக் காட்டுகிறேன். டிக்கெட் கிடையாது, வந்து உட்காருங்கள்.