கார் சாவியும் ஒரு பாஸ்வேர்ட்தான். பிழைச் செய்தி எங்கே?

கம்ப்யூட்டர் பூட் ஆகவில்லை என்றால் இந்த இதழின் வாசகர்கள் பதறுவதில்லை. பவர் கார்டு சரியாகச் செருகப்பட்டிருக்கிறதா, எஸ்.எம்.பி.எஸ். ஃபேன் சுற்றுகிறதா, பீப் ஒலி எத்தனை முறை வருகிறது, திரையில் என்ன எழுதியிருக்கிறது என்று வரிசையாகப் பார்த்துப் பாதிப் பிரச்னையைத் தாங்களே தீர்த்துவிடுவார்கள். அதே வாசகர் காலையில் காரில் உட்கார்ந்து சாவியைத் திருப்பும்போது வண்டி ஸ்டார்ட் ஆகவில்லை என்றால், உடனே இறங்கி மெக்கானிக்கிற்குப் போன் செய்கிறார். கார் என்பது வேறு உலகம் என்ற நினைப்புதான் காரணம். உண்மையில் இன்றைய காருக்குள் இருப்பதும் கம்ப்யூட்டர்தான். அதன் சாவி ஒரு பாஸ்வேர்ட். ஏன் ஸ்டார்ட் ஆகவில்லை என்பது பல நேரங்களில் காருக்கே தெரியும். பணம் கொடுத்து வாங்கிய நமக்கு மட்டும் அதைச் சொல்வதில்லை. இது மாற வேண்டும் என்பது என் கருத்து.

முதலில் சாவி என்ன செய்கிறது என்று பார்ப்போம். 1912ஆம் ஆண்டு காடிலாக் கார்களில் சார்லஸ் கெட்டரிங் வடிவமைத்த எலெக்ட்ரிக் ஸ்டார்ட்டர் வரும் வரை, முன்னால் நின்று கைப்பிடியைச் சுற்றித்தான் இஞ்சினைக் கிளப்பினார்கள். சாவியைத் திருப்பினால் இஞ்சின் கிளம்பும் வசதி அதற்கும் பல ஆண்டுகள் கழித்து, 1949ல் கிரைஸ்லர் கார்களில் வந்தது. இன்று சாவித் துவாரத்தைச் சுற்றி லாக், ஏ.சி.சி., ஆன், ஸ்டார்ட் என்று நான்கு நிலைகள் இருக்கும். ஏ.சி.சி.யில் ரேடியோ போன்றவை மட்டும் இயங்கும். ஆன் நிலையில்தான் இஞ்சினைக் கட்டுப்படுத்தும் கம்ப்யூட்டர் விழித்துக்கொள்கிறது. மீட்டரில் எல்லா விளக்குகளும் ஒரு முறை எரிந்து அணைவதைக் கவனித்திருப்பீர்கள். நம் பி.சி. பூட் ஆகும்போது தன்னைத்தானே சோதித்துக்கொள்கிறதே, அதே வேலைதான். பெட்ரோல் கார் என்றால் பின் சீட்டுக்கு அடியிலிருந்து இரண்டு விநாடி "ம்ம்ம்" என்று ஒரு ஒலி வரும். அது பெட்ரோல் பம்ப். அந்த ஒலி நிற்கும் வரை பொறுத்து, பிறகு ஸ்டார்ட் நிலைக்குத் திருப்புங்கள். பலர் ஒரே வீச்சில் லாக்கிலிருந்து ஸ்டார்ட்டுக்குத் தாவுகிறார்கள். தாவுவதில் பெரிய கெடுதல் இல்லை, ஆனால் பிரச்னை வரும் நாளில் எந்தப் படியில் நின்றது என்று தெரியாமல் போய்விடும்.

அந்த நாளில் காதுதான் முதல் கருவி. சாவியைத் திருப்பினால் மீட்டரில் ஒரு விளக்குகூட எரியவில்லை என்றால் பேட்டரி முழுவதும் இறங்கியிருக்கும், அல்லது டெர்மினல் கழன்றிருக்கும். விளக்கு எரிகிறது, திருப்பினால் "டக் டக் டக்" என்று வேகமாகச் சத்தம் மட்டும் வருகிறது என்றால் பேட்டரியில் உயிர் இருக்கிறது, செல்ஃப் மோட்டாரைச் சுற்றப் பலம் இல்லை. விளக்கு மங்காமல் ஒரே ஒரு "டக்" மட்டும் வந்து நின்றால் ஸ்டார்ட்டர் மோட்டாரையோ அதன் சாலினாய்டையோ சந்தேகிக்கலாம். கம்ப்யூட்டர் ரிப்பேருக்காக வாங்கிய மல்டிமீட்டர் பலர் வீட்டில் இருக்கும். இரவு முழுவதும் நின்ற காரின் பேட்டரியில் வைத்துப் பாருங்கள். 12.6 வோல்ட் என்றால் முழு சார்ஜ். 12க்குக் கீழே என்றால் காலியாகிவிட்டது என்று பொருள். செல்ஃப் அடிக்கும்போது சுமார் 9.6க்குக் கீழே விழுந்தால் பேட்டரிக்கு வயதாகிவிட்டது. இஞ்சின் ஓடும்போது 14ஐ ஒட்டிக் காட்ட வேண்டும். காட்டவில்லை என்றால் பேட்டரியை மாற்றிப் பயன் இல்லை, ஆல்டர்னேட்டரைப் பார்க்க வேண்டும். புது பேட்டரி விற்பவர் இதைச் சொல்ல மாட்டார்!

டெர்மினலில் வெள்ளையாகவோ பச்சையாகவோ பூத்திருந்தால் சோடா உப்பு கரைத்த நீரால் துடைத்து, உலர்த்தி, இறுக்கினாலே பல வண்டிகள் கிளம்பிவிடும். கழற்றும்போது நெகடிவ் முதலில், மாட்டும்போது நெகடிவ் கடைசியில். பத்து விநாடிக்கு மேல் தொடர்ந்து செல்ஃப் அடிக்காதீர்கள். அரை நிமிடமாவது இடைவெளி கொடுங்கள், மோட்டார் சூடாகிவிடும்.

சாவியே திரும்பவில்லை என்றால் பயப்பட ஒன்றுமில்லை. ஸ்டியரிங் லாக் ஆகியிருக்கும். ஒரு கையால் ஸ்டியரிங்கை இரு பக்கமும் லேசாக அசைத்துக்கொண்டே சாவியைத் திருப்பினால் விடுபடும். ஆட்டோமேடிக் கியர் என்றால் லீவர் பி அல்லது என் நிலையில் இருக்கிறதா என்று பாருங்கள், இல்லாவிட்டால் செல்ஃப் எடுக்காது. சில மேனுவல் கார்களிலும் கிளட்ச்சை முழுவதும் மிதித்தால்தான் எடுக்கும்.

இதுவரை சொன்னவை எல்லாம் பவர் சப்ளை விஷயங்கள். இனி வருவதுதான் பாஸ்வேர்ட் விஷயம். செல்ஃப் நன்றாக அடிக்கிறது, இஞ்சின் பிடிக்கவில்லை. அல்லது பிடித்து இரண்டு விநாடியில் அணைந்துவிடுகிறது. பெட்ரோல் இருக்கிறது, பேட்டரி புதிது. இந்த நேரத்தில் மீட்டரில் சாவிப் படமோ பூட்டுப் படமோ போட்ட ஒரு சிறு விளக்கு கண் சிமிட்டுகிறதா என்று பாருங்கள். சிமிட்டினால் உங்கள் காரின் இம்மொபிலைசர் சாவியை ஏற்கவில்லை.

சாவியின் பிளாஸ்டிக் தலைக்குள் ஒரு சிறிய சிப் இருக்கிறது. அதற்கு பேட்டரி கிடையாது. சாவித் துவாரத்தைச் சுற்றி ஒளிந்திருக்கும் கம்பிச் சுருள் பெரும்பாலும் 125 கிலோஹெர்ட்ஸ் அலைவரிசையில் சிப்பிற்கு மின்சக்தி கொடுத்து, ஒரு எண்ணைச் சவாலாக அனுப்புகிறது. சிப் தன் ரகசிய எண்ணைக் கொண்டு கணக்குப் போட்டு விடை சொல்ல வேண்டும். விடை சரியாக இருந்தால்தான் இஞ்சின் கம்ப்யூட்டர் பெட்ரோலை விடும். ரிமோட் பட்டனுக்குள் இருக்கும் சின்ன பேட்டரி தீர்ந்து கதவு திறக்கவில்லை என்றாலும், கதவைச் சாவியால் திறந்து வண்டியை ஸ்டார்ட் செய்ய முடிவது இதனால்தான். தெருமுனையில் வெட்டிய டூப்ளிகேட் சாவி கதவைத் திறந்தும் இஞ்சினை எழுப்பாததும் இதனால்தான். இந்தப் பிழைக்கு வண்டியைத் தள்ளிப் பயன் இல்லை. தெருவே சேர்ந்து தள்ளினாலும் பாஸ்வேர்ட் தவறு தவறுதான்.

என் நண்பர் ஒருவரின் கார் இப்படித்தான் விட்டுவிட்டு மக்கர் செய்தது. வண்டியை டோ செய்து ஒரு சர்வீஸ் சென்டருக்குக் கொண்டு போனார்கள். பில்லில் இருந்தது "எலெக்ட்ரிக்கல் செக்கப்" என்ற இரண்டு சொற்களும் ஒரு பெரிய தொகையும். அடுத்த வாரமே மறுபடியும் அதே கதை. கடைசியில் அவரேதான் கண்டுபிடித்தார்: கீ செயினில் புதிதாக மாட்டிய அலுவலகக் கதவு டேக்! அதுவும் அதே ரக சிப். இரண்டும் ஒரே நேரத்தில் பேசினால் கார் குழம்புகிறது. டேக்கைக் கழற்றியதோடு பிரச்னை தீர்ந்தது. "சாவி படிக்கப்படவில்லை, அருகில் உள்ள வேறு சாவிகளை அகற்றவும்" என்று ஒரு வரி மீட்டரில் வந்திருந்தால் அவருக்கு ஒரு பைசா செலவாகியிருக்காது.

இந்த வரியைக் காட்டத் திரை இல்லையா? பல கார்களின் நடு டாஷ்போர்டில் டேப்லெட் அளவுக்குத் திரை இருக்கிறது. பாட்டின் பெயரையும் பாடியவர் பெயரையும் காட்டுகிறது. கார் ஸ்டார்ட் ஆகாத காரணத்தைச் சொல்ல மட்டும் ஒரு விளக்கு, ஒரு சிமிட்டல். அந்தச் சிமிட்டலின் பொருள் என்ன என்று கையேட்டைப் புரட்டினால், "அங்கீகரிக்கப்பட்ட டீலரை அணுகவும்" என்ற வகையில் ஒரு வாக்கியம் கிடைக்கும். நாங்கள் எழுதும் சாஃப்ட்வேரில் இப்படி ஒரு பிழைச் செய்தியை வைத்தால் டெஸ்டிங் பிரிவு அன்றே திருப்பி அனுப்பிவிடும்.

ஸ்டியரிங்குக்குக் கீழே 16 பின் கொண்ட ஓ.பி.டி. இணைப்பு இருக்கிறதே, அதில் ப்ளூடூத் அடாப்டர் செருகி மொபைலில் பார்க்கலாமே என்று சிலர் கேட்கலாம். நல்ல வழிதான். கிராங்க் சென்சார் பழுது என்றால் பி0335 என்று குறியீடு வரும். ஆனால் அந்த ஏற்பாடு புகைக் கட்டுப்பாட்டிற்காகச் சட்டமானது. அமெரிக்காவில் 1996 மாடல் கார்களிலிருந்து, இந்தியாவில் ஓ.பி.டி. 2 என்ற வடிவில் 2013லிருந்து. எனவே புகையோடு தொடர்புள்ள குறியீடுகளுக்குத்தான் பொது விதி. சாவி, இம்மொபிலைசர் விஷயங்களைத் தயாரிப்பாளர் தன் சொந்தக் குறியீட்டில், தன் சொந்தக் கருவி மட்டும் படிக்கும்படி வைத்துக்கொள்ளலாம்.

பாதுகாப்புக் காரணம் என்று சொல்வார்கள். திருடனுக்குத் தகவல் போய்விடுமாம். இம்மொபிலைசர் அவசியம் என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை. அமெரிக்காவில் விற்ற கியா, ஹூண்டாய் கார்களில் பல மாடல்களுக்கு இது இல்லாமல் போனதால், 2022ல் வீடியோ பார்த்துச் சிறுவர்கள்கூடத் திருட ஆரம்பித்தார்கள். 2023ல் சுமார் 83 லட்சம் கார்களுக்கு இலவச சாஃப்ட்வேர் அப்டேட் அறிவிக்க வேண்டி வந்தது. ஆனால் பூட்டு தேவை என்பது வேறு, பூட்டைப் பற்றி உரிமையாளரிடம் பேசக் கூடாது என்பது வேறு. மறைத்து வைத்தும் பூட்டு நிலைக்கவில்லை. டெக்சாஸ் இன்ஸ்ட்ருமெண்ட்ஸ் சிப்பின் 40 பிட் ரகசியத்தை ஜான்ஸ் ஹாப்கின்ஸ் பல்கலைக்கழகத்தினரும் ஆர்.எஸ்.ஏ. ஆய்வகத்தினரும் 2005லேயே உடைத்துக் காட்டினார்கள். மெகாமோஸ் என்ற இன்னொரு வகையின் பலவீனத்தை ஆய்வாளர்கள் 2013ல் வெளியிட இருந்தபோது ஃபோக்ஸ்வேகன் லண்டன் நீதிமன்றத்தில் தடை வாங்கியது. 2015ல் அந்தக் கட்டுரை எப்படியும் வெளிவந்துவிட்டது. "பாஸ்வேர்ட் தவறு" என்று லாகின் திரை சொல்வதால் யாருடைய மெயிலும் திருடு போவதில்லை.

விஷயம் ரிப்பேர் செலவோடு நிற்பதும் இல்லை. ஜெனரல் மோட்டார்ஸ் நிறுவனத்தின் கோபால்ட் முதலிய கார்களில், சாவி சுவிட்சுக்குள் இருந்த ஸ்பிரிங் பலம் குறைந்தது. கனமான கீ செயின் தொங்கினாலோ வண்டி குலுங்கினாலோ ஓடும்போதே சாவி ஆன் நிலையிலிருந்து ஏ.சி.சி.க்கு நழுவியது. இஞ்சின் அணைந்தது, பவர் ஸ்டியரிங் போனது, மோதியபோது ஏர்பேக்கும் விரியவில்லை. நிறுவனத்துக்குள் சிலருக்குப் பல ஆண்டுகளாகத் தெரிந்திருந்தும் 2014ல்தான் சுமார் 26 லட்சம் கார்களைத் திரும்ப அழைத்தார்கள். இழப்பீட்டு நிதி ஏற்றுக்கொண்ட மரணங்கள் மட்டும் 124. சாஃப்ட்வேர்காரர்களுக்கு இன்னொரு செய்தி: இடையில் அந்த சுவிட்சைச் சரி செய்து புதுப்பித்தபோது பாகத்தின் எண்ணை மாற்றவே இல்லை. வெர்ஷன் எண் மாற்றாமல் கோடை மாற்றியது போல. எந்தக் காரில் எது இருக்கிறது என்று வெளியிலிருந்து தேடியவர்கள் திணறினார்கள். உங்கள் கார் எதுவானாலும் சாவியோடு வீட்டுச் சாவிக் கொத்து முழுவதையும் தொங்கவிடாதீர்கள்.

சென்னைவாசிகளுக்கு இன்னொன்று. 2015, 2023 டிசம்பர் வெள்ளங்களில் மூழ்கிய கார்களை, நீர் வடிந்ததும் "ஓடுகிறதா பார்ப்போம்" என்று சாவியைத் திருப்பிக் கெடுத்தவர்கள் உண்டு. சிலிண்டருக்குள் நீர் இருந்தால் அது அழுந்தாது, கனெக்டிங் ராடு வளைந்துவிடும். இந்தச் சேதத்திற்குச் சாதாரண முழுக் காப்பீட்டில் பெரும்பாலும் பணம் வராது, இஞ்சினுக்கான கூடுதல் கவர் வேண்டும். மூழ்கிய காரில் சாவியைத் தொடாமல் பேட்டரி நெகடிவைக் கழற்றிவிட்டு டோ வண்டியைக் கூப்பிடுங்கள்.

மத்திய நுகர்வோர் துறை 2022 டிசம்பரில் பழுதுபார்க்கும் உரிமைக்கான இணையதளம் தொடங்கியபோது, அதில் சேர்த்த நான்கு துறைகளில் வாகனமும் ஒன்று. அங்கே முதலில் கேட்க வேண்டியது விலை உயர்ந்த கருவிகளை அல்ல. ஸ்டார்ட் ஆகாததற்கான காரணத்தை எளிய சொற்களில், முடிந்தால் தமிழில், திரையில் காட்டும் ஒரு வரியை. பட்டன் ஸ்டார்ட் உள்ள கார்கள் பலவற்றில் "சாவி காணப்படவில்லை" என்று ஏற்கனவே எழுத்தில் வருகிறது. ஆக, முடியாத காரியம் இல்லை. சாவி போட்டுத் திருப்பும் குறைந்த விலை மாடலை வாங்குபவருக்குத்தான் அந்த ஒரு வரி கிடைப்பதில்லை. அடுத்த முறை ஷோரூமில் விற்பனையாளர் திரையில் பாட்டுப் போட்டுக் காட்டும்போது, சாவி போடும் மாடலில் சாவி ஏற்கப்படாவிட்டால் அதே திரையில் என்ன வரும் என்று கேளுங்கள். பதிலை எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள்.