மாணவர் பேரவைத் தேர்தலைக் கல்லூரியே நடத்த உரிமை கோரும் மனு

அனுப்புநர்:
வடலூர் வட்டாரக் கல்லூரி மாணவர் சங்கத்தினர்,
வடலூர், கடலூர் மாவட்டம்.

பெறுநர்:
அரசுச் செயலாளர் அவர்கள்,
உயர்கல்வித் துறை, தலைமைச் செயலகம், சென்னை.

பொருள்: பல்கலைக்கழக முன் அனுமதிக்குக் காத்திராமல் கல்லூரிகளே பேரவைத் தேர்தல் நடத்த ஆணையிடக் கோருதல் - தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா / அம்மையீர்,

எங்கள் மாவட்டக் கல்லூரிகள் முன்பு வேலூர் திருவள்ளுவர் பல்கலைக்கழகத்தோடு இணைந்திருந்தன. இப்போது சிதம்பரம் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தோடு இணைந்துள்ளன. பாடத்திட்டம், தேர்வு, பட்டம் ஆகியவை பல்கலைக்கழகத்தின் பொறுப்பு என்பதில் எங்களுக்கு மாற்றுக் கருத்து இல்லை. ஆனால் மாணவர் பிரதிநிதியைத் தேர்ந்தெடுப்பது அந்தந்தக் கல்லூரியின் உள்விவகாரம்.

எங்கள் உறுப்பினர் ஒருவர் படிக்கும் கல்லூரியில் வகுப்பாசிரியர் பதிவேட்டைத் திறந்து, அதிக மதிப்பெண் பெற்ற இருவர் பெயரைக் கரும்பலகையில் எழுதினார். அத்துடன் பேரவை அமைந்துவிட்டது. தேர்தல் வையுங்கள் என்று கேட்டதற்கு, "மேலிருந்து உத்தரவு வரவில்லை" என்ற பதிலே கிடைத்தது. காலை எட்டு மணிக்கு வடலூர் பஸ் நிலையத்தில் நிற்கும் மாணவிகள், நெரிசலில் ஏற முடியாமல் முதல் பாடவேளையைத் தவறவிடுகிறார்கள். கூடுதல் பேருந்து கேட்டு அவர்கள் சார்பில் பேசத் தேர்ந்தெடுக்கப்பட்டவர் யாரும் இல்லை. 2022 பிப்ரவரியில் நகராட்சித் தேர்தலில் வாக்களித்த எங்களுக்குக் கல்லூரியில் வாக்கு இல்லை.

இந்தச் சிக்கல் புதிதன்று. கேரளப் பல்கலைக்கழகத்துக்கும் அம்மாநிலக் கல்லூரி முதல்வர்கள் அமைப்புக்கும் இடையே எழுந்த வழக்கு உச்ச நீதிமன்றம் வரை சென்றது. அதன் தொடர்ச்சியாகவே முன்னாள் தலைமைத் தேர்தல் ஆணையர் ஜே.எம். லிங்டோ தலைமையில் குழு அமைந்தது. குழுவின் பரிந்துரைகளை நடைமுறைப்படுத்த 22.9.2006 அன்று நீதிமன்றம் ஆணையிட்டது. நியமன முறையை விட்டு 5 ஆண்டுகளில் தேர்தல் முறைக்கு மாற வேண்டும் என்பது அப்பரிந்துரைகளில் ஒன்று. அந்தக் கெடு முடிந்து பல ஆண்டுகள் ஆகின்றன.

தேர்தல் வந்தால் பணமும் கட்சியும் அடிதடியும் வரும் என்ற அச்சம் நியாயமானதே. அதற்கான வேலியும் அந்தப் பரிந்துரைகளிலேயே உள்ளது: வேட்பாளர் செலவு ரூ.5,000-க்கு மிகாமை, வேட்பாளருக்குக் குறைந்தது 75 விழுக்காடு வகுப்பு வருகை, அச்சிட்ட சுவரொட்டிக்குத் தடை, 10 நாளில் முழுப் பணியும் முடிதல்.

எனவே கோருகிறோம்:

1. தேர்தல் நாள், முறை, தேர்தல் அலுவலர் ஆகியவற்றைக் கல்லூரியே முடிவு செய்யலாம், முன் அனுமதி தேவையில்லை என்று அரசாணை வெளியிட வேண்டும்.

2. கல்வியாண்டு தொடங்கிய 6 முதல் 8 வாரத்துக்குள் தேர்தல் நடத்துவதைக் கட்டாயமாக்க வேண்டும்.

3. ஒவ்வொரு கல்லூரியிலும் மாணவர்களும் இடம்பெறும் குறைதீர் குழு அமைய வேண்டும்.

4. பல்கலைக்கழகம் மேல்முறையீட்டை மட்டும் விசாரித்து, குறித்த நாளுக்குள் தீர்ப்பளிக்க வேண்டும்.

5. அரசு, உதவிபெறும், சுயநிதிக் கல்லூரிகள் அனைத்துக்கும் இது பொருந்த வேண்டும்.

வரும் கல்வியாண்டிலேயே எங்கள் வகுப்பறைகளில் வாக்குப்பெட்டி வைக்கப்பட ஆவன செய்யுமாறு பணிவுடன் வேண்டுகிறோம்.

இப்படிக்கு,
சங்கப் பொறுப்பாளர்கள், உறுப்பினர்கள்.
இடம்: வடலூர்